துரை வேஷத்தில் நான் அடித்த அடி

நடிகர் சங்க மலருக்குக் கட்டுரை கேட்டு இரண்டு தம்பிகள் வீட்டுக்கு வந்திருந்தார்கள். இப்போதெல்லாம் படத்தில் வெள்ளைக்காரர் வேண்டுமென்றால் நிஜ வெள்ளைக்காரரையே கூட்டி வந்துவிடுகிறார்கள். சுற்றுலா வந்தவர், ஆசிரமத்தில் தங்கியிருப்பவர், யாராவது கிடைத்துவிடுகிறார். "அப்பல்லாம் நீங்கதானுங்களே சார் அத்தனை துரையும்? அதைப் பத்தி ஜாலியா எழுதிக் குடுங்க. படிக்கிறவங்க சிரிக்கணும்" என்றார்கள்.

சரி என்று சொல்லிவிட்டேன். சிரிக்கும்படி எழுத விஷயம் இல்லாமல் இல்லை. ஆனால் போன மாதம் என் வீட்டுக்கு வந்துபோன இரண்டு பெண்களைப் பற்றிச் சொல்லாமல் இதை எழுத முடியாது என்பது பேனாவைத் திறந்த பிறகுதான் தெரிந்தது. மலரில் போடுவதா வேண்டாமா என்று தம்பிகளே முடிவு செய்துகொள்ளட்டும்.

என் பெயர் வரதராஜன். சினிமாவில் அந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. 'ஊட்டி துரை' என்றால் பழைய மேனேஜர்களுக்குத் தெரியும். அப்பா கோவைப் பக்கத்திலிருந்து மலையேறி வந்து, ஊட்டியில் ஒரு போர்டிங் பள்ளியில் ஸ்டோர் கிளார்க்காக இருந்தார். அதனால் எனக்கும் அங்கே படிக்க இடம் கிடைத்தது. ஆண்டுதோறும் ஆங்கில நாடகம் போடுவார்கள். உச்சரிப்பு சரியாக வர வேண்டும் என்பதற்காக வாயில் பென்சிலைக் கடிக்க வைத்துப் பேசச் சொல்வார் எங்கள் ஆசிரியர். என் நிறம் எலுமிச்சை நிறம், கண் பூனைக்கண். பட்டப் படிப்பை முடித்துக்கொண்டு கதாநாயகனாகும் ஆசையில் சென்னைக்குப் போனேன். ஒரு கம்பெனியில் என்னை மேலும் கீழும் பார்த்த மேனேஜர், "இந்தக் கண்ணை வச்சிக்கிட்டு யாரைக் காதலிக்கிறது? கோட்டை மாட்டி விடுங்கய்யா, துரை மாதிரியே இருக்காரு" என்றார். என் கலைவாழ்வு அந்த ஒரு வாக்கியத்தில் முடிவாகிவிட்டது.

கலெக்டர், நீதிபதி, போலீஸ் சூப்பிரண்டு, எஸ்டேட் துரை. பெரும்பாலும் இரண்டாம் பாதியில் செத்துப்போவேன். டைட்டிலில் என் பெயர் வந்தால், 'மற்றும் பலர்' என்பதற்கு முந்தைய வரியில் வரும்.

முதல் படத்தில் என் வசனத்தைப் பள்ளியில் கற்ற ஆங்கிலத்தில் அழகாகச் சொன்னேன். டைரக்டர் நிறுத்திவிட்டார். "என்னங்க இது, ஒண்ணும் புரியல. துரை மாதிரிப் பேசுங்க." அதற்கு என்ன பொருள் என்று டப்பிங் கலைஞர் ஒருவர் சொல்லிக் கொடுத்தார். "நாம் டமிலனைச் சுட்டுப் போடும்" என்று சொல்ல வேண்டும். 'த' வருகிற இடத்தில் எல்லாம் 'ட' போட்டு, சொந்த மொழியைத் திக்கித் திணறிப் பேசப் பழகினேன். அதன் பிறகு என் ஆங்கிலத்தை யாரும் கேட்கவே இல்லை.

மேக்கப்பும் அப்படித்தான். முகம் முழுக்க இளஞ்சிவப்புப் பூச்சு. மூக்கு நுனியிலும் காது மடலிலும் கூடுதலாகச் சிவப்பைத் தேய்ப்பார்கள். செம்பட்டை மீசையைக் கோந்து வைத்து ஒட்டுவார்கள். ஊட்டிக் குளிரில் அந்தக் கோந்து சீக்கிரம் காயாது. டீ தம்ளரைக் கையில் கொடுத்து, மேலுதட்டை அந்த ஆவியில் காட்டிக்கொண்டு அசையாமல் இரு என்பார் மேக்கப்காரர். டீ ஆறிப்போகும், குடிக்க முடியாது. குடித்தால் மீசை வந்துவிடும்.

வெளியே இருந்து பார்க்கச் சிரிப்பாக இருக்கும். உள்ளே எனக்கு எப்போதும் பயம்தான். மீசை பிய்ந்துவிடுமோ, 'ட' சரியாக வந்ததோ, அடுத்த படத்துக்குக் கூப்பிடுவார்களோ. ஒருமுறை குன்னூரில் நீதிமன்றக் காட்சிக்காக நிஜமாகவே ஒரு வெள்ளைக்காரச் சுற்றுலாப் பயணியை என் பக்கத்து நாற்காலியில் உட்கார வைத்தார்கள். அவர் சட்டைப் பொத்தானைத் திறந்துவிட்டுக்கொண்டு கடலை கேட்டு வாங்கித் தின்றார். அங்கிருந்த அத்தனை பேரும் அவரைத்தான் சுற்றி நின்றார்கள். அந்த வாரம் முழுக்க எனக்குத் தூக்கம் இல்லை.

துரைகளுக்கு முக்கியமான வேலை அடிப்பது. அதற்கு ஒரு முறை உண்டு. எனக்கு அதைக் கற்றுக் கொடுத்தவர் சண்டைப் பயிற்சியாளர் கோபால் மாஸ்டர். அறை விழுவது போலத் தெரிய வேண்டும், விழக் கூடாது. கேமரா, அடி வாங்குகிறவரின் தோளுக்குப் பின்னால் இருக்கும். என் கை அவர் முகத்துக்கு ஒரு சாண் முன்னால் வீசிக்கொண்டு போகும். அதே நேரத்தில் அவர் முகத்தைத் திருப்ப வேண்டும். சத்தத்தைப் பிறகு ஸ்டுடியோவில் சேர்ப்பார்கள். எப்போது கையை வீசுவது என்பதை அடிப்பவர் முடிவு செய்யக் கூடாது. அடி வாங்குகிறவர் தயாரானதும் தன் இடது கைக் கட்டைவிரலை உள்ளே மடித்துக் கையை மூடுவார். அதைப் பார்த்த பிறகுதான் வீச வேண்டும்.

"கட்டைவிரல் உள்ள போகலைன்னா நீங்க சிலை மாதிரி நில்லுங்க. டைரக்டர் கத்தட்டும், ஃபிலிம் ஓடட்டும். கை தூக்கக் கூடாது" என்பார் மாஸ்டர். பல ஆண்டுகள் நான் அதைத் தவறாமல் கடைப்பிடித்தேன்.

ஒரு படத்தில் தவறினேன். அந்தப் படத்தின் டைரக்டரைத் திருமலை என்று குறிப்பிடுகிறேன். யாரையும் திட்ட மாட்டார். கழுத்தைச் சுற்றி மஃப்ளர், சட்டைப் பையில் வறுத்த பட்டாணி. மிக மெல்லப் பேசுவார், நாம்தான் குனிந்து கேட்க வேண்டும். ஷாட் பிடிக்கவில்லை என்றால் "நல்லா இருக்கு. இன்னொண்ணு" என்பார். அந்த 'நல்லா இருக்கு'வுக்கு யூனிட்டே நடுங்கும். நிஜமாகவே பிடித்துவிட்டால் ஒன்றும் சொல்ல மாட்டார். மஃப்ளரைச் சரிசெய்துகொண்டு அடுத்த ஷாட்டுக்குரிய இடத்தை நோக்கி நடக்கத் தொடங்கிவிடுவார். அவர் அப்படிப் பேசாமல் நடப்பதைப் பார்ப்பதற்காக நாங்கள் எதையும் செய்யத் தயாராக இருந்தோம்.

சோலூர்ப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் படப்பிடிப்பு. காலையில் தொழிலாளர்களை வரிசையாக நிறுத்தி வேலை பிரித்துக் கொடுக்கிற பெரட்டுக் களம். துரை வருகிறான், கொழுந்துக் கூடையில் கல்லைப் போட்டு எடை காட்டியவன் யார் என்று கேட்கிறான், ஒருவனை அறைகிறான். அறை வாங்க வேண்டிய சென்னை நடிகருக்குக் குளிர் காய்ச்சல் வந்துவிட்டது. கூட்டத்தில் நிற்க வந்திருந்த தோட்டத் தொழிலாளர்களில் ஒருவரை உதவி டைரக்டர் கைகாட்டினார். உயரமாக, ஒல்லியாக இருந்தார். பெயர் முத்துவேல். இலங்கைத் தோட்டத்திலிருந்து குடும்பத்தோடு திரும்பி வந்தவர்.

"எனக்கு நடிக்கத் தெரியாதுங்களே. நின்னா போதுமா?" என்றார்.

"நின்னா போதாதுங்க, திரும்பணும்" என்றார் கோபால் மாஸ்டர்.

கொழுந்து எடுக்கும் பெண்கள் மேட்டிலிருந்து கத்தினார்கள். "ஏன் முத்துவேலண்ணே, ஊட்டுல பழனியம்மா குடுக்கிறது பத்தலைன்னு இங்கயும் வாங்க வந்திட்டீங்களா?"

"இங்க அடிச்சா டீயும் பன்னும் குடுக்கிறாங்க. அங்க அது கெடையாதே" என்றார் அவர். எல்லோரும் சிரித்தார்கள்.

மாஸ்டர் அவருக்குச் சைகையைச் சொல்லிக் கொடுத்தார். ஒத்திகையில் நான் ஸ்வெட்டரும் குரங்குக் குல்லாயும் போட்டிருந்தேன். கட்டைவிரலை மடித்தார், நான் கை வீசினேன், திரும்பினார். என்னை விட அவர் நன்றாகவே செய்தார். மாஸ்டர் திருப்தியாகி, அடுத்த காட்சியில் ஒருவர் சரிவில் உருள வேண்டியிருந்ததால் அந்த இடத்தைப் பார்க்கப் போய்விட்டார்.

காத்திருந்த நேரத்தில் முத்துவேலிடம் பேச்சுக் கொடுத்தேன். "அங்க இருந்த துரைங்க நிஜமாவே அடிப்பாங்களா?"

"எங்கப்பாவ ஒருக்கா அடிச்சாரு. பெரட்டுக் களத்துல. நான் சின்னப் புள்ள, பக்கத்துல நிக்கிறேன். அப்பல்லாம் கையக் கட்டிக்கிட்டு அசையாம நிக்கணும். அசைஞ்சா இன்னொண்ணு விழும். எங்கப்பா அசையல. எனக்கும் அப்படித்தான் சொல்லிக் குடுத்தாரு."

அவர் அதைச் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். நான் அதை என் வேஷத்துக்குக் கிடைத்த நல்ல தகவல் என்று மனத்தில் வாங்கிக்கொண்டேன். அவரைப் பற்றிய தகவல் அது என்று எனக்குத் தோன்றவே இல்லை.

பிறகு மேக்கப், கோட்டு, தொப்பி, முழங்கால் வரை பூட்ஸ். முதல் டேக்கில் கூட்டத்தில் யாரோ சிரித்துவிட்டார்கள். இரண்டாவதில் என் வசனம் தடுமாறியது. "நல்லா இருக்கு. இன்னொண்ணு" என்றார் திருமலை. பிறகு என் அருகே வந்து, யாருக்கும் கேட்காத குரலில் சொன்னார்: "உங்களைப் பார்த்தா பயமே வரலைங்க. பரீட்சை ஹால்ல நடக்கிற வாத்தியார் மாதிரி இருக்கு. துரைக்குப் பயப்படணும். அவ்வளவுதான்." ஒரு பட்டாணியை வாயில் போட்டுக்கொண்டு வானத்தைப் பார்த்தார்.

குந்தாப் பக்கமிருந்து மஞ்சு ஏறிக்கொண்டிருந்தது. கீழ்ச் சரிவில் சில்வர் ஓக் மரங்கள் ஏற்கனவே மறைந்துவிட்டன. மூடிவிட்டால் அன்றைக்கு வேலை முடிந்தது. கெடுத்தது நான் என்றாகிவிடும். அடுத்த படம் இருக்காது. அது மட்டும்தான் என் மனத்தில் ஓடியது.

மூன்றாவது டேக். பூட்ஸ் சத்தம் கேட்க வேகமாக நடந்தேன். கத்தினேன். முத்துவேலுக்கு முன்னால் போய் நின்றதும் அவர் இரண்டு கைகளும் தாமாக மேலே வந்து மார்பில் கட்டிக்கொண்டன. தலை குனிந்தது. ஒத்திகையில் அவர் அப்படி நிற்கவில்லை. கட்டைவிரலைக் காட்ட அவரிடம் கை இல்லை. அதை நான் தெளிவாகப் பார்த்தேன். பார்க்கவில்லை என்று இத்தனை வருடம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பொய்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். அந்தக் குனிந்த தலையைப் பார்த்ததும் எனக்குப் பிடித்திருந்தது. என்னைப் பார்த்து ஒரு மனிதர் நிஜமாகவே பயப்படுகிறார், கேமராவுக்கு அது தெரியும், திருமலைக்கும் தெரியும் என்று ஒரு கணத்தில் தோன்றியது. கையை வீசினேன். அவர் திரும்பவில்லை. அவர் அப்பா சொல்லிக் கொடுத்தபடி அசையாமல் நின்றார். என் உள்ளங்கை முழுசாக அவருடைய இடது காதில் விழுந்தது.

மேட்டில் நின்றவர்களுக்குச் சத்தம் கேட்டிருக்காது, காற்று அப்படி. எனக்குக் கேட்டது. திருமலை ஒன்றும் சொல்லாமல் மஃப்ளரைச் சரிசெய்துகொண்டு சரிவை நோக்கி நடந்தார்.

"பட்டுடுச்சுங்களா?" என்று முத்துவேலிடம் கேட்டேன்.

காதில் தண்ணீர் போனவர் போலத் தலையைச் சாய்த்து ஒரு விரலால் காதை ஆட்டினார். "இல்லீங்க தொரை" என்றார். தொரை என்றுதான் சொன்னார். நான் அந்தப் பதிலை எடுத்துக்கொண்டேன், எனக்கு வேண்டிய பதில் அதுதான். சற்று நேரத்தில் மாஸ்டர் வந்து அதே கேள்வியை என்னிடம் கேட்டார். "இல்லை மாஸ்டர், சரியா செஞ்சாரு" என்றேன்.

அந்த ஷாட்டால் எனக்கு நல்லது நடந்தது. "அந்த எஸ்டேட் அறை அறைஞ்சாரே, அவரைக் கூப்பிடுங்க" என்று தேடி வந்தார்கள். முன்பை விட நல்ல வேஷங்கள் கிடைத்தன. பல வருடங்கள் கழித்து, சென்னையை விட்டு ஊட்டிக்கே திரும்பிய பிறகு, மார்க்கெட்டில் கேரட் வாங்கிக்கொண்டிருந்தபோது முத்துவேலைப் பார்த்தேன். அவருடைய இடது பக்கத்திலிருந்து ஒருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே வந்தார். முத்துவேல் திரும்பவில்லை. வந்தவர் சலித்துக்கொள்ளாமல் வலது பக்கம் சுற்றிப் போய்த் தோளைத் தொட்டார். அது அவர்களுக்குப் பழகிப்போன விஷயம் என்று தெரிந்தது. நான் பையை எடுத்துக்கொண்டு முட்டைக்கோஸ் மூட்டைகளுக்குப் பின்னால் போய்விட்டேன். அன்று முதல் மார்க்கெட்டுக்கு மனைவிதான் போய் வந்தாள்.

போன மாதம் ஒரு பெண் கேட்டைத் தட்டினாள். ஊட்டியில் ஒரு பள்ளி ஹாஸ்டலில் வேலை செய்கிறாளாம், பெயர் சாந்தி. "ஏனுங்க, நீங்கதானுங்களே அந்த துரையா நடிச்சது? நான் முத்துவேல் பொண்ணுங்க. அப்பா போயி மூணு வருசமாச்சு" என்றாள்.

உட்காரச் சொன்னேன். அந்தப் பழைய படம் இப்போது போனிலேயே கிடைக்கிறதாம். அதில் அப்பா வருகிறார் என்று தெரியும், ஆனால் கூட்டத்தில் யார் என்று கண்டுபிடிக்க முடியவில்லை. ஊரில் எல்லோரும் அவர் அடி வாங்குகிற காட்சியைப் பற்றிச் சொல்வார்களாம். படத்தில் துரை ஏழெட்டுப் பேரை அடிக்கிறான், பிரிண்டும் மங்கல். "அப்பா நடமாடுற மாதிரி எங்ககிட்ட ஒண்ணுமே இல்லீங்க. ஒரே ஒரு ரேஷன் கார்டு போட்டோதான். அம்மாவுக்குக் காட்டணும். எந்த எடத்துல வர்றாருன்னு நீங்க சொன்னீங்கன்னா போதும்."

எந்த இடம் என்று எனக்கா தெரியாது?

"அம்மா எப்படி இருக்காங்க?" என்று கேட்டேன், வேறெதுவும் கேட்கத் தெரியாமல்.

"இருக்குதுங்க. அப்பாவைப் பத்திப் பேச ஆரம்பிச்சா அந்தக் காதுலதான் வந்து நிக்கும். ஷூட்டிங் போயிட்டு வந்த அன்னிக்கே அப்பாவுக்குக் காது வலிங்க. குளிர் காத்துன்னு அம்மா பூண்டு போட்டு எண்ணெய் காய்ச்சி ஊத்தியிருக்கு. சூடு பாக்காம ஊத்திட்டேன், நாந்தான் அந்த மனுசனைச் செவிடாக்கிட்டேன்னு இன்னிக்கு வரைக்கும் அழும். அப்பா இல்ல இல்லன்னுதான் சொல்லுவாரு. அது கேக்காது."

"அப்பா... வேற எதுவும் சொல்லலையா?"

"என்ன சொல்றதுங்க? அம்மாவுக்கு அவரு ஷூட்டிங் போறதே புடிக்கலையாம். வேசத்துக்குக்கூட அடி வாங்கப் போவாதேன்னு சண்டை போட்டுச்சாம். அப்புறம் அவரு அந்தப் பேச்சையே எடுக்க மாட்டாரு."

அப்போதே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. "ஞாயித்துக்கிழமை அம்மாவை அழைச்சுட்டு வாங்க, காட்டறேன்" என்றேன்.

அந்த வாரத்தை எப்படிக் கழித்தேன் என்று எழுதத் தெரியவில்லை. எத்தனையோ வசனத்தை மனப்பாடம் செய்தவன், இரண்டு வரியைச் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். ஒருமுறை கூட முழுதாக வரவில்லை. மழை பெய்து சோலூர் பஸ் நின்றுவிட்டால் நல்லது என்று நினைத்தேன். அந்தப் பெண்மணியின் வயதுக்கு இந்த அதிர்ச்சி தேவையா என்று எனக்குச் சாதகமாக ஒரு நியாயத்தைத் தயார் செய்தேன். அந்த நியாயம் பாதிநாள் கூடத் தாங்கவில்லை. நான் வாய் திறக்காவிட்டால் அவர் சாகும்வரை எண்ணெய்ச் சட்டியை நினைத்து அழுதுகொண்டிருப்பார். ஞாயிற்றுக்கிழமை காலை மனைவியைக் குன்னூரில் அவள் தங்கை வீட்டுக்கு அனுப்பி வைத்தேன். அவள் முன்னால் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. இதைப் படித்து அவளும் தெரிந்துகொள்ளட்டும்.

மழை இல்லை. பஸ் வந்தது. பழனியம்மா சிறிய உருவம், பச்சை ஸ்வெட்டர், தலையைச் சுற்றித் துண்டு. "தொரை ஊடு இவ்வளவுதானா? பெரிய பங்களாவா இருக்கும்னு நெனைச்சேன்" என்றார். சாந்தி அவரை அடக்கினாள். நான் டீ போட்டுக் கொடுத்தேன்.

போனைச் சர்க்கரை டப்பாவில் சாய்த்து வைத்து, அந்தக் களக் காட்சிக்கு நகர்த்தினேன். வரிசையாகத் தொழிலாளர்கள். தொப்பி போட்ட ஒருவன் வருகிறான்.

"வலது பக்கம் மூணாவது ஆள்" என்றேன்.

"இதா... இதா!" என்று பழனியம்மா எழுந்துவிட்டார். "அவங்கதாண்டி! கழுத்தப் பாரு. எப்பவும் அப்படித்தான் நீட்டிக்கிட்டு நிப்பாங்க." சொல்லிக்கொண்டே விரலால் அந்த முகத்தைத் தொட்டார். படம் நின்றுவிட்டது.

"அம்மா, தொடாத. தொட்டா நின்னுடும்."

"நிக்கட்டுமே. அவங்க நிக்கிறத ஒரு நிமிசம் பாத்துக்கிறேன்."

சாந்தி மறுபடி ஓட விட்டாள். தொப்பிக்காரன் கத்தினான். முத்துவேல் கைகட்டித் தலை குனிந்தார். பழனியம்மாவின் விரல் மறுபடியும் நீண்டது. படம் நின்றது. என் கை மேலே தூக்கியபடி நின்றது.

இனி ஒரு தொடுதல்தான் பாக்கி. நான் எழுந்து நின்றேன்.

"அம்மா, அடுத்து வர்ற அடி நடிப்பில்லை. நிஜமாவே அடிச்சேன். அவரு தயாரா இல்லைன்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சே அடிச்சேன். அந்தக் காதுலதான். அவரு ஊட்டுக்கு வர்றதுக்கு முன்னாடியே காது போயிருக்கும். அன்னிக்கே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போயிருக்கணும். செய்யலை. யார்கிட்டயும் சொல்லலை."

மனப்பாடம் செய்த இரண்டு வரியில் ஒன்று கூட வரவில்லை. சாந்தி போனைப் பார்க்கவில்லை, என்னையும் பார்க்கவில்லை, அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பழனியம்மா தம்ளரைக் கீழே வைத்தார். அவர் என்ன கேட்பார் என்று எத்தனையோ விதமாக யோசித்து வைத்திருந்தேன். இதை யோசிக்கவில்லை.

"அப்ப, எண்ணெ சுடலையா?"

"இல்லைம்மா. எண்ணெயால இல்லை."

"சுடலையா" என்று மறுபடி தனக்குள் சொல்லிக்கொண்டார். "இல்ல இல்லன்னு அந்த மனுசன் அத்தன தடவ சொன்னிச்சே. நாந்தான் நம்பல." துண்டால் முகத்தைத் துடைத்தார். பிறகு மகளிடம், "ஓட விடு. முழுசாப் பாக்கணும்" என்றார்.

"வேண்டாம்மா."

"ஓட விடுடி."

சாந்தி தொட்டாள். கை இறங்கியது. பழனியம்மா இந்த முறை கணவரைப் பார்க்கவில்லை, தொப்பி போட்டவனையே பார்த்துக்கொண்டிருந்தார். அவன் திரும்பி, நிமிர்ந்த நெஞ்சோடு நடந்து போகிறவரை பார்த்தார். பிறகு தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார்.

நான் கைகளைக் கட்டிக்கொண்டு, அசையாமல் நின்றிருந்தேன். எப்போது கட்டினேன் என்று எனக்குத் தெரியவில்லை.